விக்கரியின் மூக்கும் மூன்றாம் எண் தொட்டியும்

பின்னிகர் குடும்பத்தார் தங்கள் பியர் ஆலையின் நூற்றெழுபத்தைந்தாம் ஆண்டுக்கு ஒரு புத்தகம் போட்டிருக்கிறார்கள். வழவழப்பான தாள், கெட்டி அட்டை, கொஞ்ச நேரம் தூக்கி வைத்திருந்தால் கை வலிக்கும். அதில் அறுபத்து நான்காம் பக்கத்தில் லெனார்ட் விக்கரியின் படம் இருக்கிறது. தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு ஒரு பீப்பாயின் பக்கத்தில் நிற்கிறார். படத்துக்குக் கீழே நான்கு வரி. எழுதியது நான்தான். முப்பத்தெட்டு வருடம் அந்த ஆலை அலுவலகத்தில் டைப்ரைட்டர் தட்டியவள் என்பதால் என்னைத் தேடி வந்தார்கள். "பழைய ஆளுங்களைப் பத்தி நாலு நல்ல வார்த்தை எழுதிக் கொடுங்க, மிஸ் டில்லிங்" என்றான் அந்தக் குடும்பத்துப் பேரன் ருப்பர்ட். எழுதிக் கொடுத்தேன். 'இவருடைய மூக்கு ஒருநாளும் பொய் சொன்னதில்லை' என்பது கடைசி வரி. அதில் தப்பு ஒன்றும் இல்லை. பொய் சொன்னது மூக்கு அல்ல.

எனக்கு எண்பது வயதாகிறது. இனிமேல் என்னை வேலையை விட்டு நீக்க யாராலும் முடியாது. இந்தத் தைரியம் வர இத்தனை வருடம் ஆயிற்று என்று நினைத்தாலே கூசுகிறது.

முதலில் அந்தக் குடும்பத்தைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். ஆல்டர்பிரிட்ஜில் ஆலையைத் தொடங்கியவர் ஜோசையா பின்னிகர். ரொட்டி சுட்டு விற்றவர். ஊர் அவருடைய ரொட்டியைத் தின்றுவிட்டு முணுமுணுத்தது, அவர் வீட்டுக்கு வடித்த பியரைக் குடித்துவிட்டு இன்னொரு குவளை கேட்டது. மனுஷன் புத்திசாலி, அடுப்பை மாற்றிப் போட்டார். அவர் மகன் சுற்றுவட்டாரக் கிராமங்களில் ஒவ்வொரு பப்பாக வாங்கிச் சேர்த்தார். மொத்தம் முப்பத்தொன்று. பப்பை நடத்துகிறவர் ஆலைக்குக் குத்தகைதாரர், விற்பது எங்கள் பியரை மட்டும், குடியிருப்பது அதே கட்டிடத்தின் மாடியில். ஆலையோடு மனஸ்தாபம் வந்தால் பிழைப்பும் போகும், படுக்கையும் போகும். மூன்றாவது தலைமுறைக்காரர் குடியை எதிர்க்கும் சபையில் சேர்ந்துவிட்டார். நாற்பது வருடம் ஒரு சொட்டு பியரும் நாக்கில் படாமல், தேநீரைக் குடித்துக்கொண்டே ஊருக்கெல்லாம் பியர் விற்றார். நான்காமவர் இரண்டு போர்களையும் தாண்டி ஆலையை இழுத்து வந்தார். அவருடைய மகன் மிஸ்டர் ஆம்ப்ரோஸ். என் காலத்து முதலாளி.

ஜோசையா வைத்த பழைய பொருள்களில் ஒன்றே ஒன்றுதான் மிஞ்சியிருந்தது. மூன்றாம் எண் தொட்டி. பியர் நொதிக்கிற ஓக் மரத்தொட்டி, இரண்டு ஆள் உயரம். மற்ற தொட்டிகளையெல்லாம் எடுத்துவிட்டு உலோகத்தில் போட்டாகிவிட்டது. இதைத் தொட யாருக்கும் மனசு வரவில்லை. ஒவ்வொரு வருடமும் ஜோசையாவின் பிறந்த நாளில் குடும்பம் முழுக்க மேலே ஏறி வந்து, அந்தத் தொட்டியின் மரத்தை உள்ளங்கையால் ஒருமுறை தட்டிவிட்டு, அதிலிருந்து எடுத்த முதல் ஜாடியைக் குடிப்பார்கள். வேலைக்காரர்கள் அதைத் தாண்டிப் போகும்போது தொப்பியைத் தொட்டுக்கொள்வார்கள். முதலில் விளையாட்டாகத் தொடங்கியது, பிறகு யாரும் சிரிக்கவில்லை. நானும் தட்டியிருக்கிறேன்.

விக்கரியின் அப்பா மேட்டு நிலத்தில் ஆடு மேய்த்தவர். விக்கரி பதினான்கு வயதில் ஆலையின் பீப்பாய் முற்றத்துக்கு வந்தார். பப்புகளிலிருந்து காலிப் பீப்பாய்கள் திரும்பி வந்ததும், கழுவுவதற்கு முன்னால் ஒவ்வொன்றின் துளையிலும் மூக்கை வைத்து முகர்ந்து பார்க்க வேண்டும். நல்லது ஒரு பக்கம், நாறுவது ஒரு பக்கம். நாளைக்கு முந்நூறு பீப்பாய். அவருக்கு 'மூக்கு' என்றே பெயர் வைத்துவிட்டார்கள். ஒருநாள் வண்டிக்காரர்கள் பந்தயம் கட்டி அவர் கண்ணைக் கட்டிவிட்டுப் பத்துப் பீப்பாய்களை உருட்டி வந்தார்களாம். ஒவ்வொன்றும் எந்தப் பப்பிலிருந்து வந்தது என்று சொல்ல வேண்டும். ஒன்பதைச் சரியாகச் சொல்லிவிட்டுப் பத்தாவதில் நின்றாராம். "இது 'நீல மணி'தான். ஆனா வெங்காயத்தை எதுக்குய்யா பீப்பா பக்கத்துல வைக்கிறான் அந்த மடையன்?" போய்ப் பார்த்தால் வெங்காயம் இருந்தது.

எகிப்தில் ராணுவச் சமையல்காரராக இருந்துவிட்டுப் போர் முடிந்ததும் திரும்பி வந்தார். எட்னாவைக் கட்டிக்கொண்டார். குழந்தை இல்லை. ஆலை கொடுத்த சின்ன வீடு, பின்னால் ஒரு ப்ளம் மரம். நான் வேலைக்குச் சேர்ந்த அடுத்த வருடம் அவரைப் பப்புகளில் பியர் வைக்கிற நிலவறைகளுக்கு ஆய்வாளர் ஆக்கினார்கள். ஒரு சின்ன வேனும் பச்சை டையும் கொடுத்தார்கள். டையைப் பார்த்து முற்றத்துக்காரர்கள் அவரைப் படாதபாடு படுத்தினார்கள். "மூக்குக்குக் கீழ ஒண்ணு தொங்குதே, சளியா?" என்று கேட்பார்கள். அவர் கூடச் சேர்ந்து சிரிப்பார். ஆனாலும் அந்த டையை அவர் ஞாயிற்றுக்கிழமைகூடக் கட்டிக்கொண்டு தேவாலயத்துக்கு வந்ததை நான் பார்த்திருக்கிறேன்.

ஆய்வாளர் வேலை என்னவென்றால், ஏதாவது பப்பிலிருந்து 'பியர் கெட்டுப்போய்விட்டது' என்று பீப்பாய் திரும்பி வந்தால் காரணம் கண்டுபிடிக்க வேண்டும். அதற்கு அச்சடித்த படிவம் ஒன்று உண்டு. காரணங்கள் நான்கு. நிலவறையில் சூடு. குழாயில் அழுக்கு. நாள்பட வைத்திருந்தது. கலப்படம் செய்தது. ஏதாவது ஒன்றில் குறி போட வேண்டும். ஆலையில் தப்பு நடந்திருக்கலாம் என்பதற்குக் கட்டமே கிடையாது. தேநீர் குடித்த பின்னிகர் அச்சடித்த படிவம் அது. எழுபது வருடமாக யாரும் மாற்றவில்லை, மாற்றவேண்டும் என்று யாருக்கும் தோன்றவும் இல்லை. இருபத்தைந்து வருடம் அதை டைப் செய்த எனக்கும் தோன்றவில்லை.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து எழுபத்தாறாம் வருடக் கோடை எங்கள் பக்கத்தில் யாரும் மறக்காத கோடை. ஆறு வற்றிக் கல் தெரிந்தது. மே மாதக் கடைசியிலிருந்தே பீப்பாய்கள் திரும்பி வர ஆரம்பித்தன. செவ்வாய்க்கிழமை காலை மாடி அறையில் அவற்றைச் சுவைத்துப் பார்ப்பார்கள். மிஸ்டர் ஆம்ப்ரோஸ், ஆலையில் வடிப்புக்குத் தலைவராக இருந்த அவருடைய மச்சான், விக்கரி ஆகிய மூன்று பேர். குறிப்பெடுக்க நான். முடிந்ததும் அங்கேயே சாப்பாடு. விக்கரிக்கு வாரத்தில் அந்த ஒரு வேளைதான் மாடியில். பெரியவர்கள் ஒருவரையொருவர் பேர் சொல்லிக் கூப்பிட்டுக்கொள்வார்கள். அவர் மட்டும் குடும்பப் பெயரில் 'விக்கரி'. நான் மார்ஜரி இல்லை, 'மிஸ் டில்லிங்'.

அன்றைக்குக் கண்ணாடிக் குவளையில் ஊற்றியதுமே கதவோரம் இருந்த எனக்கு வாடை வந்தது. வினிகர். அதற்கு அடியில் எலிக்கூண்டு மாதிரி ஏதோ ஒன்று. மிஸ்டர் ஆம்ப்ரோஸ் ஒரு வாய் குடித்தார். மச்சான் ஒரு வாய் குடித்துவிட்டு ஜன்னலைப் பார்த்தார்.

"என்ன வெயில், என்ன வெயில்" என்றார் மிஸ்டர் ஆம்ப்ரோஸ். "பாவம், நிலவறையில என்னதான் செய்வாங்க. விக்கரி, நீங்க என்ன சொல்றீங்க?"

விக்கரி குவளைக்குள் மூக்கை வைத்தார். எடுத்தார்.

"ஆமாங்க ஐயா. சூடுதான்" என்றார்.

நான் 'சூடு' என்று எழுதிக்கொண்டேன். ஆலையில் அத்தனை பேருக்கும் தெரியும். மூன்றாம் எண்ணில் நொதித்த பியர்தான் திரும்பி வந்தது, மற்ற தொட்டிகளின் பியர் அதே வெயிலில் நன்றாகத்தான் இருந்தது. மரம் உள்ளே அழுகிவிட்டது. எத்தனை கழுவினாலும் புளிப்பு மர வெடிப்புகளுக்குள் உட்கார்ந்துகொண்டது. எல்லாரும் தெரிந்தும் தொப்பியைத் தொட்டுக்கொண்டு அதைத் தாண்டிப் போனார்கள்.

பதினொரு பப்புகள் பீப்பாயைத் திருப்பி அனுப்பின. பத்துப் பேர் விக்கரியின் படிவத்தை வாங்கிக்கொண்டு வாயை மூடிக்கொண்டார்கள். அவர்களுக்கும் மாடியில் படுக்கை இருந்ததே. மூடாதவள் ஐவி டக்கெட் ஒருத்திதான். நெதர்காட் கிராமத்தில் 'வெள்ளை முயல்' பப்பை நடத்தியவள். புருஷன் செத்த பிறகு தனியாகவே பன்னிரண்டு வருடம் நடத்திக்கொண்டிருந்தாள். விக்கரியோடு ஒரே பள்ளிக்கூடத்தில் படித்தவள். மூன்று தடவை பீப்பாயைத் திருப்பி அனுப்பினாள். நான்காவது தடவை அதே வாடை வந்ததும், வாசலில் ஒரு பலகையை மாட்டிவிட்டாள். 'பின்னிகர் நல்ல பியர் அனுப்பும்வரை இங்கே ஆப்பிள் சைடர் மட்டும்.'

அந்தப் பலகையைப் பற்றிக் கேள்விப்பட்டதும் மிஸ்டர் ஆம்ப்ரோஸின் முகம் சிவந்துவிட்டது. குத்தகையை ரத்து செய்யக் காரணம் வேண்டும். முறையாக ஆய்வு நடத்தி, சாட்சியோடு அறிக்கை தரச் சொன்னார். சாட்சி நான்.

விக்கரியின் வேனில் நெதர்காட்டுக்குப் போனோம். ஐவி பப் வாசலில் கையைக் கட்டிக்கொண்டு நின்றாள்.

"வா லென். கழுத்துல டை ஏறினதுல நிலவறைக்கு வழி மறந்திருக்கும்னு நெனச்சேன்."

"வழியெல்லாம் மறக்கல, ஐவி."

"மார்ஜரியும் வந்திருக்கியா? நல்லது. எழுதிக்கோ. ஒண்ணு விடாம எழுதிக்கோ."

நான் முப்பத்தொரு நிலவறைகளையும் பார்த்தவள் இல்லை. ஆனால் அதைவிடச் சுத்தமான அறையில் நான் இன்றுவரை நின்றதில்லை. சுவரில் புதுச் சுண்ணாம்பு. தரையில் ஒரு துரும்பு கிடையாது. பீப்பாய்கள் மேல் ஈரச் சாக்கு, அதை மணிக்கு ஒருமுறை மாற்றிப் போடுவாளாம். வெளியே தார் உருகிக்கொண்டிருந்தது, உள்ளே எனக்கு ஸ்வெட்டர் தேவைப்பட்டது. சுவரில் வெப்பமானி தொங்கியது.

"என்ன காட்டுது, லென்? வாயால சொல்லு."

"அம்பத்தஞ்சு."

"மார்ஜரி?"

"எழுதிட்டேன்" என்றேன். ஃபாரன்ஹீட் கணக்கில் ஐம்பத்தைந்து டிகிரிதான் பியருக்குச் சரியான குளிர். அறுபதைத் தாண்டினால்தான் குற்றம்.

விக்கரி குழாயைக் கழற்றி முகர்ந்தார், மறுபடி மாட்டினார். பிறகு பீப்பாயிலிருந்து அரைக் குவளை பிடித்தார். குடிக்கவில்லை. மூக்கை வைத்துக் கண்ணை மூடிக்கொண்டு நின்றார்.

"சொல்லு லென்" என்றாள் ஐவி. அவள் குரலில் இருந்த கேலி போய்விட்டது. "நான் சொன்னா ஒரு கெழவி புலம்பறான்னு போயிடுவாங்க. நீ சொன்னா ஜில்லாவே கேக்கும்."

"மூணாம் நம்பர் தொட்டி" என்றார் விக்கரி. "மரம் உள்ள அழுகிப்போச்சு, ஐவி. மே மாசத்துலயே எனக்குத் தெரியும்."

ஐவி படிக்கட்டில் உட்கார்ந்துவிட்டாள். இடுப்பில் கட்டியிருந்த ஏப்ரனால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள்.

"அப்ப அதையே எழுது."

"எழுதறேன்."

"எழுதுவியா?"

"எழுதறேன்னு சொல்றேன்ல. எனக்கும் முடியல, ஐவி. பத்து வீட்டுல பொய்க்குறி போட்டுட்டு வந்திருக்கேன்."

மேலே வந்ததும் ரொட்டியும் சீஸும் ஊறவைத்த வெங்காயமும் வைத்தாள். விக்கரி பசியோடு சாப்பிட்டார், சுமை இறங்கினவர் மாதிரி. நானும் சாப்பிட்டேன். நல்ல சீஸ். அந்தத் தட்டை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு முகம் சுடுகிறது.

ஆலைக்குத் திரும்பியபோது மிஸ்டர் ஆம்ப்ரோஸ் எங்களை எதிர்பார்த்துக்கொண்டிருந்தார். கோபம் எதுவும் இல்லை. கத்தியிருந்தால் விக்கரி ஒருவேளை சொல்லியிருப்பார். அவர் எழுந்து வந்து நாற்காலியை இழுத்துப் போட்டார். தன் கையாலேயே மூன்று சின்னக் குவளைகளில் ஷெர்ரி ஒயின் ஊற்றினார். மூன்றாவது எனக்கு.

"உட்காருங்க, லெனார்ட்" என்றார்.

நாற்பத்து மூன்று வருடத்தில் முதல் தடவை. விக்கரியின் காது இரண்டும் சிவந்ததை நான் பார்த்தேன்.

"உங்க அறிக்கையில என்ன இருக்கோ அதன்படிதான் நான் நடப்பேன். நான் ஒண்ணும் சொல்லமாட்டேன். என்னோட எள்ளுத்தாத்தா தன் கையால நிறுத்தின தொட்டியைப் பத்தி அந்தம்மா ஊர் பூரா என்ன பேசறாங்கன்னு உங்களுக்கும் தெரியும். எனக்கு அது ஒரு சாமான் இல்லை, லெனார்ட். எங்க குடும்பம். நீங்களும் குடும்பம்தான்." பிறகு என் பக்கம் திரும்பினார். "நீயும்தான், மார்ஜரி."

அவர் எங்களைப் பொய் சொல்லச் சொல்லவில்லை. இதை நான் நியாயமாகச் சொல்ல வேண்டும். பேர் சொல்லிக் கூப்பிட்டார், அவ்வளவுதான்.

நான்கு மணிக்கு விக்கரி என் மேஜைக்கு வந்து அறிக்கையைச் சொன்னார். நான் தட்டினேன். நிலவறை வெப்பம் என்ற இடம் வந்தது.

"அறுபத்து நாலு" என்றார்.

என் விரல் நின்றது. "அம்பத்தஞ்சு இல்லையா, மிஸ்டர் விக்கரி?"

அவர் என்னைப் பார்க்கவில்லை. டையைச் சரிசெய்துகொண்டார். "டைப் பண்ணு, மார்ஜரி."

டைப் பண்ணினேன். ஆறு, நான்கு. என் சுருக்கெழுத்து நோட்டில் ஐம்பத்தைந்து இருந்தது. அந்தப் பக்கத்தைக் கிழித்தேன். கீழே சாட்சி என்று கையெழுத்துப் போட்டேன். என்னை யாரும் மிரட்டவில்லை, எனக்குப் பிள்ளைகுட்டி இல்லை, பசி இல்லை. மார்ஜரி என்று கூப்பிட்டார்கள் என்று எனக்கு உள்ளுக்குள் ஒரு சந்தோஷம் இருந்தது.

எங்கள் பக்கத்தில் குத்தகை கைமாறுவது செப்டம்பர் கடைசியில், மைக்கேல்மஸ் திருநாளில். அதற்கு ஒரு வழக்கம் உண்டு. போகிறவர் கடைசியாக ஒரு பைண்ட், அதாவது ஒரு பெரிய குவளை, பியர் பிடித்துக் கொடுக்க வேண்டும். ஆலையின் ஆள் ஊர் பார்க்க அதைக் குடித்துவிட்டுக் குவளையைக் கவிழ்த்து வைக்க வேண்டும். அப்போதுதான் வீடு கைமாறியதாகக் கணக்கு. 'நல்லபடியாக நடத்தினாய், நல்ல பியர் தந்தாய்' என்று சொல்லி அனுப்புகிற மரியாதை அது.

சாவிகளை வாங்கிக்கொள்ள நானும் போயிருந்தேன். ஐவியின் கட்டிலும் பீரோவும் டிராக்டர் வண்டியில் ஏறியிருந்தன. கிராமத்து ஆண்கள் பப்புக்குள் நின்றார்கள், யாரும் உட்காரவில்லை. புதுக் குத்தகைதாரனும் அவன் பெண்டாட்டியும் ஓரமாக ஒண்டிக்கொண்டு நின்றார்கள்.

ஐவி அந்தக் கெட்டுப்போன பீப்பாய்களில் ஒன்றைத் திருப்பி அனுப்பாமல் வைத்திருந்தாள். அவசரப்படாமல் பிடித்தாள். நுரையைச் சீராக வழித்துவிட்டாள். குவளையின் வெளிப்புறத்தைத் துடைத்து, அவர் முன்னால் வைத்தாள். வாடை கதவுவரை வந்தது. அங்கே நின்ற ஒவ்வொருவரும் முகத்தைச் சுளித்தார்கள்.

"குடி, லென்" என்றாள்.

விக்கரி குவளையை எடுத்தார். ஜில்லாவிலேயே கூர்மையான மூக்கு, அதற்கு நேர் கீழே அந்தக் குவளை. நடுவில் நிறுத்தி மூச்சு வாங்கினார், மறுபடி குடித்தார். முழுசும் குடித்தார். கண்ணில் தண்ணீர் நின்றது.

"எப்படி இருக்கு?"

அவர் புறங்கையால் வாயைத் துடைத்துக்கொண்டார்.

"ஊரே கேக்குது, லென். எப்படி இருக்கு?"

"நல்லா இருக்கு" என்றார் விக்கரி.

யாரோ பின்னால் சிரித்தார்கள். கேட்க நன்றாக இல்லாத சிரிப்பு. அவர் குவளையைக் கவிழ்த்து வைத்தார். ஐவி சாவிக்கொத்தை என் கையில் போட்டாள். "இதையும் எழுதிக்கோ, மார்ஜரி" என்றாள். என்னிடம் அன்று நோட்டு இல்லை.

திரும்பும் வழியில் வேனை வேலியோரம் நிறுத்திவிட்டு விக்கரி வாந்தி எடுத்தார். நான் கைக்குட்டையை நீட்டினேன். இரண்டு பேரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்ளவில்லை.

நவம்பரில் மூன்றாம் எண்ணைச் சத்தமில்லாமல் பிரித்து இறக்கினார்கள். ஜோசையாவின் ஞாபகமாக, அழுகாத பலகைகளை எடுத்து மாடி அறைக்கு ஒரு மேஜை செய்துகொண்டார்கள். பியர் உடனே சரியாகிவிட்டது. வெயில் தணிந்ததால் என்று மிஸ்டர் ஆம்ப்ரோஸ் சொன்னார், எல்லாரும் தலையாட்டினார்கள்.

ஐவி வேறு ஆலைகளிடம் பப் கேட்டு எழுதினாள். அவர்கள் எங்களிடம் விசாரித்தார்கள். 'நிலவறைப் பராமரிப்பில் கவனம் போதாது' என்று மூன்று ஆலைகளுக்கு மூன்று கடிதம் போயிற்று. மூன்றையும் தட்டியது யார் என்று சொல்ல வேண்டியதில்லை. கடைசியில் ஸ்விண்டனில் தங்கை வீட்டுப் பின்னறைக்குப் போய், ஒரு பள்ளிக்கூடச் சமையலறையில் தட்டுக் கழுவினாள். நெதர்காட்டில் அன்று நின்றவர்களுக்கு உண்மை தெரியும். ஆனால் ஆல்டர்பிரிட்ஜில், சந்தையில், தேவாலய வாசலில், 'பாவம் ஐவி, புருஷன் போனதும் வீட்டைக் கவனிக்காம விட்டுட்டா, குடிப்பாளாம்' என்று பேசிக்கொண்டார்கள். குடிப்பாளாம் என்பதை யார் சேர்த்தார்களோ.

அடுத்த வசந்தத்தில் விக்கரி பஸ் ஏறி ஸ்விண்டன் போனார். திரும்பி வந்து என்னிடம் சொன்னார். ஐவி வாசலிலேயே நிற்க வைத்துப் பேசினாளாம். இவர் மன்னிப்புக் கேட்டாராம்.

"எங்கிட்ட சொல்லி என்ன பிரயோஜனம்? என் நிலவறை சுத்தம்னு எனக்குத் தெரியாதா? தெரியாதவங்ககிட்ட போய்ச் சொல்லு" என்று கதவைச் சாத்திவிட்டாளாம்.

"சொல்லிடறேன்" என்று விக்கரி சாத்திய கதவைப் பார்த்துச் சொல்லிவிட்டு வந்தாராம்.

ஏழு வருடம் அதை மென்றுகொண்டிருந்தார். எட்னாவுக்கு உடம்பு தேறட்டும் என்பார். இந்த வருடக் கிறிஸ்மஸ் போகட்டும் என்பார். ஆலை வீடு ஓய்வுக்குப் பிறகும் ஆயுள்வரைக்கும் தருவதாகத் தாளில் வந்துவிடட்டும் என்பார். நான் ஒருநாளும் அவரை அவசரப்படுத்தவில்லை. அவர் சொன்னால் அடுத்த கேள்வி என்னிடம் வரும் என்பது எனக்குத் தெரியும்.

எண்பத்து நான்கில் அவர் ஓய்வு பெற்றார். அதே கோடையில் ஆலைக்கு நூற்றைம்பது வயது. இரண்டையும் சேர்த்து பார்லி மால்ட் கிடங்கில் ஒரு மதிய விருந்து வைத்தார்கள். அன்று காலை அவர் என் மேஜைக்கு வந்தார். எட்னா இஸ்திரி போட்ட சட்டை, பச்சை டை.

"இன்னைக்குச் சொல்லிடுவேன். ஐவிக்குக் கடுதாசி போட்டுட்டேன், இன்னைக்குச் சொல்றேன்னு. வயசான ஆள் உளர்றான்னு சொல்வாங்க, மார்ஜரி. நீ எழுந்து நின்னு 'ஆமா, நானும் பார்த்தேன்'னு ஒரு வார்த்தை சொன்னா போதும்."

"சொல்றேன்" என்றேன்.

எனக்கு அப்போது ஐம்பத்தைந்து வயது. ஓய்வுக்கு இன்னும் ஐந்து வருடம் இருந்தது.

முப்பத்தொரு பப்புகளிலிருந்தும் ஆட்கள் வந்திருந்தார்கள். வேகவைத்த பன்றித்தொடை, ஊறுகாய், பீப்பாய் வடிவத்தில் ஒரு பெரிய கேக். மிஸ்டர் ஆம்ப்ரோஸ் விக்கரியின் மூக்கைப் பற்றி வேடிக்கையாகப் பேசினார், வெங்காயக் கதையைச் சொன்னார், ஒரு சுவர்க்கடிகாரத்தைப் பரிசாகக் கொடுத்தார். விக்கரி கடிகாரத்தை மார்போடு அணைத்துக்கொண்டு எழுந்தார்.

"ஒரு விஷயம் சொல்லணும். எழுபத்தாறுல 'வெள்ளை முயல்' நிலவறை அம்பத்தஞ்சு டிகிரி. நான் அறுபத்து நாலுன்னு எழுதினேன். அது பொய். அந்தப் பொம்பள மேல ஒரு தப்பும் இல்ல. கெட்டுப்போனது மூணாம் நம்பர். நாம எல்லாருமே—"

அவர் முடிக்கும் முன்பே மிஸ்டர் ஆம்ப்ரோஸ் சிரித்தார். "ஆகா, லெனார்ட்! அந்தக் கோடையில எனக்கே அறுபத்து நாலு எது, அம்பத்தஞ்சு எதுன்னு தெரியல!" கிடங்கே சிரித்தது. கை தட்டினார்கள். "மூக்கு ரெண்டு பைண்ட் அதிகமா முகர்ந்துட்டாரு!" என்று யாரோ கத்தினார்கள். இன்னும் பலமாகச் சிரித்தார்கள். பதினொரு பப்பில் மீதிப் பத்துப் பேரும் அங்கேதான் இருந்தார்கள். அவர்களும் கை தட்டினார்கள்.

விக்கரி உட்காரவில்லை. கூட்டத்தில் என்னைத் தேடினார்.

"மார்ஜரி, நீ இருந்தியே. நீ சொல்லு."

நூற்றுக்கணக்கான முகங்கள் திரும்பின. மிஸ்டர் ஆம்ப்ரோஸும் திரும்பினார். சிரித்த முகம் மாறவே இல்லை. "என்ன மார்ஜரி?" என்றார் அன்பாக.

நான் எழுந்தேன். எழுந்தபோது சொல்லத்தான் எழுந்தேன் என்று சத்தியம் செய்வேன்.

"உக்காருங்க, லென். கேக் வெட்ட நேரமாச்சு" என்றேன்.

பெரிய சிரிப்பு. அவர் என்னையே பார்த்தார். அந்தப் பார்வையில் கோபம் இல்லை. ஒருவர் எப்படி இப்படிப் பின்வாங்குகிறார் என்று அவருக்கு என்னைவிட நன்றாகத் தெரியும். கடிகாரத்தை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தார். நான் கேக்கை வெட்டி அவருக்கு முதல் துண்டைக் கொண்டுபோய்க் கொடுத்தேன். வாங்கிக்கொண்டார். இரண்டு வருடம் கழித்து நெஞ்சு வலியில் இறந்தார். அந்தப் பேச்சை அவர் மறுபடி எடுக்கவில்லை, நானும் எடுக்கவில்லை.

அந்த விருந்துக்கு மறுவாரம் ஸ்விண்டனிலிருந்து என் பேருக்கு ஒரு அஞ்சலட்டை வந்தது. ஐவியின் கையெழுத்து. 'லென் சொன்னானா, மார்ஜரி? யாராவது நம்பினார்களா?'

மேஜை இழுப்பறையில் வைத்தேன். இன்று எழுதலாம், நாளை எழுதலாம் என்று தள்ளினேன். பதில் போடவில்லை.

மூன்று வாரம் கழித்து இன்னொரு அட்டை வந்தது. 'பரவாயில்லை, மார்ஜரி. புரிந்துகொண்டேன். உடம்பைப் பார்த்துக்கொள்.'

அதற்கும் நான் பதில் போடவில்லை.